துணி சுருங்கிப்போச்சுங்க

எங்கள் நாடகக் குழுவின் உடைகளை வடிவமைத்துத் தைத்தவர் யாருடைய அளவையும் வாய்விட்டுச் சொன்னதில்லை. மற்ற தையல்காரர்கள் டேப்பை இடுப்பைச் சுற்றிப் பிடித்துக்கொண்டு, "முப்பத்தெட்டு, போட்டுக்கோ" என்று கடை முழுக்கக் கேட்கும்படி கூவுவார்கள். இவரிடம் எண் அச்சிட்ட டேப்பே கிடையாது. பாவாடைக்குக் கோக்கிற வெள்ளைப் பருத்தி நாடாவை நம் உடம்பில் வைத்து, வேண்டிய இடத்தை விரலால் பிடித்து, அங்கே ஒரு வண்ண நூலால் முடிச்சுப் போடுவார். ஆளுக்கு ஒரு நாடா. அதன் நுனியில், அந்த ஆள் எங்கள் மேடையில் முதலில் போட்ட உடையிலிருந்து நகமளவு துணி ஒட்டுத் தையலாக இருக்கும். பெயர் இருக்காது. எந்த நிற முடிச்சு எந்த அங்கத்துக்கு என்பது அவருக்கு மட்டும்தான் தெரியும். எல்லா நாடாக்களும் சுருட்டப்பட்டு ஒரு பிஸ்கட் டப்பாவில் கிடக்கும்.

எல்லோருக்கும் அவர் அக்கா. கன்னடக்காரர்களுக்கும் அக்கா, தமிழர்களுக்கும் அக்கா. என்னைவிட மூன்று வயது இளையவர். நானும் அக்கா என்றே கூப்பிட்டேன். எந்த அழைப்பிதழிலும் தம் பெயரைப் போட விட்டதில்லை. அதனால் நானும் இங்கே எழுதவில்லை.

நான் காப்பீட்டு அலுவலகத்தில் வேலை பார்த்தேன். மாலையில் மைசூர் சரஸ்வதிபுரத்தில் ஒரு பழைய வீட்டின் மாடியில் நடக்கும் ஒத்திகைக்குப் போய்விடுவேன். குழு வருடத்துக்கு இரண்டு கன்னட நாடகமும் ஒரு தமிழ் நாடகமும் போடும். எனக்கு நடிப்பு வராது. எழுத்து வேலை எல்லாம் என்னுடையது. ஒத்திகை எத்தனை மணிக்குத் தொடங்கியது, யார் வரவில்லை, எந்த உடை எந்தக் கிழமை வெளுக்கப் போனது, எப்போது திரும்பி வந்தது என்று எல்லாம் டைரியில் இருக்கும். ஒவ்வொரு நாடகத்தின் படங்களையும் பின்புறம் விவரம் எழுதிச் சேர்த்து வைத்திருந்தேன். அக்கா என்னை 'டைரி சார்' என்பார்.

ஒருமுறை தபால்காரன் வேடத்துக்கு ஆள் வராமல் என்னைப் பிடித்துப் போட்டார்கள். மாடிப்படி திரும்பும் இடத்தில் இருந்த சின்ன அறைதான் உடை அறை. அக்கா திரையை இழுத்துவிட்டு, இரண்டு நிமிடத்தில் ஆறேழு முடிச்சுப் போட்டு முடித்துவிட்டார்.

"என் இடுப்பு எவ்வளவுக்கா?" என்று கேட்டேன். டைரியில் குறித்துக்கொள்ளத்தான்.

"உங்க இடுப்பு உங்களுக்கு எதுக்குங்க சார்? துணிக்குத் தெரிஞ்சாப் போதும்" என்றார்.

அவர் தமிழ்நாட்டு எல்லையை ஒட்டிய ஹனூர்ப் பக்கத்துக் கிறிஸ்தவத் தமிழர். மைசூருக்கு வந்து நாற்பது வருடம் ஆகியும் பேச்சில் அந்த 'ங்க' போகவில்லை. நாடகத்துக்கு வருவதற்கு முன் ஒரு மருத்துவமனையின் தையல் அறையில் இருந்தாராம். நோயாளிகளின் அங்கி, கை தூக்கிக் கட்டும் துணி, அறுவைக்குப் பிறகு போட்டுக்கொள்ளும் உள்ளாடை எல்லாம் தைத்திருக்கிறார். "அங்க வர்றவங்க யாரும் நல்லா இருக்கறப்ப வர்றதில்லைங்க. அவங்க உடம்பைப் பத்தி நாம சத்தமாப் பேசக் கூடாது" என்று ஒருநாள் சொன்னார். அவருடைய வேலையைப் பற்றி அவர் சொன்ன நீளமான வாக்கியம் அதுதான்.

எங்கள் ராஜா ஒரு வங்கி மேலாளர். இருபது வருடமாக எல்லா நாடகத்திலும் அவரே ராஜா. ஒரு தசராவுக்குப் பிறகு அவருடைய வெல்வெட் அங்கி பொத்தான் போட வரவில்லை. எல்லோரும் சுற்றி நின்றிருந்தார்கள். யாரோ சிரிக்க வாயெடுப்பதற்குள் அக்கா முந்திக்கொண்டார்.

"துணி சுருங்கிப்போச்சுங்க. சுடுதண்ணியில போட்டுப்போட்டேன்."

"ஏன்க்கா, வெல்வெட்டை யாராவது சுடுதண்ணில போடுவாங்களா? இத்தனை வருஷமா என்ன தைக்கறீங்க?" என்று ராஜா எல்லோர் முன்னிலையிலும் கத்தினார்.

"தெரியாமப் பண்ணிப்போட்டேங்க. ராத்திரிக்குள்ள சரி பண்ணிடறேன்."

அந்த அங்கி அந்த வருடம் தோய்க்கப்படவே இல்லை. என் டைரியில் வெளுப்புக் கணக்கு இருந்தது. ராஜா போன பிறகு அதை அக்காவிடம் சொன்னேன்.

"பழியைத் துணி மேல போட்டா துணி அழுகுதுங்களா சார்?" என்றார் தையலைப் பிரித்துக்கொண்டே.

இந்தத் 'துணி சுருங்கிப்போச்சுங்க' குழுவில் ஒரு கேலிப் பேச்சாகவே ஆகிவிட்டது. யாராவது வசனம் மறந்தால், "துணி சுருங்கிடுச்சு போல" என்பார்கள். அக்காவும் சிரிப்பார். ஆனால் அதை அவர் ஒரே ஒருமுறை ஆயுதமாகவும் எடுத்திருக்கிறார். விதூஷகன் வேடம் போடும் பருத்த மனிதர் ஒருவரைத் திரைக்குப் பின்னால் அளந்துகொண்டிருந்தபோது, சேனாபதி வேடக்காரன் விளையாட்டாகத் திரையை விலக்கிவிட்டான். வெளியே பெண்கள் நின்றிருந்தார்கள். பனியனோடு நின்ற விதூஷகர் இரண்டு கைகளாலும் வயிற்றை மறைத்துக்கொண்டார். அக்கா திரையை இழுத்து மூடினார். நாடகத்தன்று சேனாபதியின் உடுப்பில் ஒரு கை முழங்கைக்கு மேலேயே முடிந்துவிட்டது. வாளை உருவியபோது அரங்கமே சிரித்தது. இறங்கி வந்து அவன் குதித்தான்.

"என்னக்கா இது?"

"துணி சுருங்கிப்போச்சுங்க தம்பி."

அதற்குப் பிறகு அந்தத் திரையை யாரும் தொட்டதில்லை.

என்னைத் தவிர. நான் கையால் தொடவில்லை, அவ்வளவுதான்.

எங்கள் முதன்மை நடிகை மாலதி. பகலில் பள்ளி ஆசிரியை. நாற்பது வயதைத் தாண்டியும் மேடையில் அவர் நடந்து வந்தால் அரங்கம் நிமிர்ந்து உட்காரும். ஒரு வருடம் மகளின் பிரசவத்துக்காகப் புனே போகிறேன் என்று சொல்லிவிட்டுப் போனவர், ஒன்பது மாதம் கழித்துத்தான் வந்தார். மெலிந்திருந்தார். முடியைக் குட்டையாக வெட்டியிருந்தார். பேரக் குழந்தை தூங்க விடவில்லை என்றார். நாங்கள் நம்பினோம்.

அவர் திரும்பி வந்ததும் போட்டது ஒரு ராணியின் கதை. அந்த நாடகத்தில் ராணி, தோழியர், பணிப்பெண்கள் எல்லோருக்கும் அக்கா ஒரே மாதிரி உடுத்துவித்தார். முந்தானை இடது தோளில் நாலைந்து மடிப்பாக ஏறி, மார்பை மூடி, இடுப்பில் செருகப்பட்டிருக்கும். டைரக்டருக்குப் பிடிக்கவில்லை.

"ஏன்க்கா, எல்லாரும் கம்பளி போத்தின மாதிரி இருக்காங்க?"

"அந்தக் காலத்துல காவேரிக் கரையில அப்படித்தானுங்க உடுத்துவாங்க."

"ஹௌதா, அப்படியா?"

"ஆமாங்க."

டைரக்டர் விட்டுவிட்டார். நான் விடவில்லை. எனக்குப் படிப்புப் பித்து உண்டு. பல்கலைக்கழக நூலகத்தில் நான்கு சனிக்கிழமைகள் உட்கார்ந்து சிற்பங்களின் படங்களைப் புரட்டினேன். ஒரு ஞாயிறு ஸ்ரீரங்கப்பட்டணம் போய், சுவரோவியங்களில் உள்ள பெண்களின் தோள்களை ஒவ்வொன்றாகப் பார்த்தேன். அப்படி ஒரு முந்தானை எங்கேயும் இல்லை. இரண்டு பக்கக் குறிப்பு எழுதி டைரக்டரிடம் கொடுத்தேன். மறுநாள் அக்கா என் மேசைக்கு வந்தார்.

"டைரி சார், அந்த மடிப்பு உங்க கண்ணை உறுத்துதுங்களா?"

"சான்று இல்லையேக்கா."

"சான்று இல்லாட்டி உடுத்தக் கூடாதுங்களா?"

"சரித்திர நாடகம் இல்லையா? நாளைக்கு யாராவது கேட்டா?"

"அப்ப நான் தப்பாத் தைச்சுப்போட்டேன்னு எழுதிக்கங்க. மடிப்பை மட்டும் விட்டுருங்க" என்றார்.

அப்படியே எழுதிக்கொண்டேன். 'வியாழன். முந்தானை வரலாற்றுக்குப் புறம்பானது என்பதை உடை வடிவமைப்பாளர் ஒப்புக்கொண்டார்.' அந்த வரி இன்னும் டைரியில் இருக்கிறது.

இன்னொரு நாள் அவருடைய தையல் மேசையில் ஒரு கிண்ணம் நிறைய ராகி இருந்தது. சுத்தமாகப் புடைத்த முழு ராகி.

"இது எதுக்கு அக்கா?"

"களி கிண்டத்தாங்க."

"தையல் ரூம்லயா?"

"பசி எங்க வேணாலும் வருமுங்க" என்று கிண்ணத்தின் மேல் ஒரு துணியைப் போட்டு மூடினார்.

அடுத்த வருடங்களில் நாடகம் மாறினாலும் மாலதியின் உடையில் மட்டும் இடது பக்கத்தில் ஏதோ ஒன்று வந்துகொண்டே இருந்தது. ஒன்றில் சால்வை, ஒன்றில் தோளில் தொங்கும் பை, ஒன்றில் கைக்குழந்தை. அவர் மட்டும் தனித்துத் தெரியாதபடி கூட நிற்கும் பெண்களுக்கும் அதேபோல ஒன்றை அக்கா கொடுத்துவிடுவார்.

குழுவின் வெள்ளி விழா வந்தது. மலர் தயாரிக்கும் பொறுப்பு எனக்கு. உடைகளைப் பற்றி ஒரு கட்டுரை வேண்டும், அந்த நாடாக்களின் படத்தோடு வேண்டும் என்று எனக்கு ஆசை. மூன்று தடவை கேட்டேன். மூன்று தடவையும் மறுத்தார்.

"அது மனுசங்க உடம்புங்க சார். படம் பிடிச்சுப் போடறதுக்கு இல்லீங்க."

"வெறும் முடிச்சுக்கா. யாருக்கு என்ன புரியும்? மூடி திறந்த டப்பாவை ஒரு படம். அஷ்டே, அவ்வளவுதான்."

"பிரிக்க மாட்டீங்கல்ல?"

"மாட்டேன்."

ஒரு திங்கட்கிழமை டப்பாவைக் கொடுத்தார். வெள்ளிக்கிழமை திருப்பிக் கொடுத்தேன். படம் எடுக்க ஐந்து நிமிடம் போதும். மிச்ச நான்கு நாளும் அந்த நாடாக்கள் எங்கள் வீட்டுச் சாப்பாட்டு மேசையில் விரிந்து கிடந்தன.

என்னுடைய நாடாவை முதலில் எடுத்தேன். தபால்காரன் உடுப்பின் காக்கித் துண்டு நுனியில் இருந்தது. அதை என் உடம்பில் வைத்துப் பார்த்தேன். நடுவில் இருந்த கறுப்புத் தையல் முதுகெலும்பு. அதிலிருந்து இரண்டு பக்கமும் முடிச்சுகள். பச்சை தோள், நீலம் இடுப்பு, மஞ்சள் கை, சிவப்பு மார்பு. சங்கேதம் பிடிபட்டுவிட்டது. அதற்குப் பிறகு ஒவ்வொரு நாடாவாக எடுத்து, நுனித் துணியை என்னிடம் இருந்த படங்களோடு ஒப்பிட்டு, இது இன்னார் என்று கண்டுபிடித்தேன். ராஜாவுக்கு ஆறு நாடாக்கள் இருந்தன, ஒவ்வொன்றும் முந்தியதைவிடப் பெரியது. சிரித்தேன்.

என் மனைவி அந்தப் பக்கம் வந்து நின்றாள். "யாரோட நாடா எல்லாம் இது?"

"குழுவோடது. ஆராய்ச்சி பண்றேன்."

"ஊரார் உடம்பை எல்லாம் சாப்பாட்டு மேசை மேல விரிச்சு வெச்சுக்கிட்டு ஆராய்ச்சியா? எடுத்து வைங்க. பார்க்கவே ஒரு மாதிரி இருக்கு."

நான் எடுத்து வைக்கவில்லை. மூன்றாம் நாள் மாலதியின் நாடாக்கள் கிடைத்தன. இரண்டையும் ஒன்றாகச் சுருட்டி நூலால் கட்டியிருந்தார். பழையதில் கறுப்புத் தையலுக்கு இரண்டு பக்கமும் சிவப்பு முடிச்சுகள் சம தூரத்தில் இருந்தன. புதியதில் வலது பக்க முடிச்சு கிட்டத்தட்ட அதே இடத்தில் இருந்தது. இடது பக்க முடிச்சு மிகவும் உள்ளே தள்ளி இருந்தது. அதன் பக்கத்தில், தைத்து மூடிய சின்னத் துணிப் பை ஒன்று கோர்த்திருந்தது. எலுமிச்சம்பழ அளவு. அழுத்தினால் உள்ளே மணிகள் நெறுநெறுத்தன. ராகி.

புனே இல்லை, பேரக் குழந்தை இல்லை என்று அப்போது விளங்கியது. ஒரு பக்க மார்பை எடுத்துவிட்டிருக்கிறார்கள். பஞ்சு வைத்தால் எடை நிற்காது, மேடையில் நடக்கும்போது தோள் ஒரு பக்கம் சாயும். ராகியானால் எடை சரியாக நிற்கும், அசைவும் இருக்கும்; நாடாவில் கோர்த்திருந்தது அதற்கு முதலில் தைத்துப் பார்த்த மாதிரி. கூட நின்ற பதினான்கு பெண்களுக்கு அந்த முந்தானை இந்த ஒருவருக்காக.

எனக்கு அப்போது வந்தது இரக்கம் இல்லை. இதை எழுதக் கூசுகிறது, ஆனாலும் எழுதத்தான் வேண்டும். எனக்கு வந்தது மகிழ்ச்சி. கல்வெட்டில் சிதைந்த வரி ஒன்று பிடிபட்டுவிட்டால் வருமே, அந்த மகிழ்ச்சி. முந்தானைக்குச் சான்று கிடைத்துவிட்டது!

அன்றே கட்டுரையை எழுதி முடித்தேன். அதில் ஒரு பத்தி இப்படி இருந்தது: 'ராணி நாடகத்தில் தொடங்கிய இடது முந்தானை வரலாற்று வழக்கம் அன்று. நம் முதன்மை நடிகையின் உடலில் அறுவை சிகிச்சையால் நேர்ந்த ஒரு மாற்றத்தை மறைப்பதற்காக உருவாக்கப்பட்ட அற்புதமான உத்தி அது.' பெயர் போடவில்லை. பெயர் போடாததே பெரிய நாகரிகம் என்று நினைத்தேன். எங்கள் குழுவுக்கு முதன்மை நடிகை ஒருவர்தான் என்பது எனக்குத் தெரியாதா? தெரியும். இது அக்காவுக்கு நான் செய்யும் மரியாதை என்றும், படித்தால் எல்லோரும் அவரைக் கொண்டாடுவார்கள் என்றும் சொல்லிக்கொண்டேன்.

சான்றில்லாமல் எதையும் எழுதுவதில்லை என்பது என் பெருமை. ஆனால் நாடாக்களைப் பிரித்துப் படித்தேன் என்று எழுதினால், கொடுத்த வாக்கை மீறியது வெளியே வந்துவிடும். ஆகவே பக்கத்தின் அடியில் சின்ன எழுத்தில் போட்டேன்: 'தகவல்: உடை வடிவமைப்பாளர்.' குழுவின் அச்சில் அக்காவைப் பற்றி வந்த ஒரே குறிப்பு அது. அதுவும் பொய்.

மலர் ஞாயிற்றுக்கிழமை விழாவன்றுதான் அச்சகத்திலிருந்து வந்தது. நாடகம் ஆறரை மணிக்கு. ஆறு மணிக்கு நானே கட்டுகளைப் பிரித்து எல்லோருக்கும் கொடுத்தேன். ஒப்பனை அறைக்கும் ஐந்து பிரதி அனுப்பினேன். பத்து நிமிடம் கழித்து, எப்படி இருக்கிறது என்று கேட்கலாம் என்று போனேன். பாராட்டை எதிர்பார்த்துத்தான் போனேன்.

அறையில் ஏழெட்டுப் பெண்கள் அசையாமல் நின்றிருந்தார்கள். மாலதி பாதி ஒப்பனையோடு நாற்காலியில் இருந்தார். மடியில் மலர் திறந்திருந்தது. அக்கா ஊசியும் கையுமாக அவர் எதிரில் நின்றார்.

"அக்கா, இதுல உங்களைத்தான் போட்டிருக்கு. தகவல்னு. நீங்க சொன்னீங்களா?"

அக்காவுக்குத் தமிழ் மெதுவாகத்தான் படிக்க வரும். புத்தகத்தை வாங்கி, விரல் வைத்துப் படித்தார். படித்து முடித்ததும் தலையைத் தூக்கி, வாசலில் நின்ற என்னை ஒருமுறை பார்த்தார். பிறகு மாலதியைப் பார்த்தார்.

"ஆமாங்க. நாந்தான் சொன்னேன். வாய் தவறிப்போச்சுங்க."

"வாய் தவறியா?" மாலதியின் குரல் ஒடிந்தது. "எங்க வீட்டுக்காரருக்கு அப்புறம் உங்களுக்குத்தான்க்கா தெரியும். என் பொண்ணுக்குக்கூட நான் முழுசாச் சொல்லலை. நம்ம ரெண்டு பேருக்கு நடுவுல இருந்தது எப்படி வாய் தவறும்?"

அக்கா புத்தகத்தை மூடி மேசையில் வைத்தார். மாலதி என் பக்கம் திரும்பினார்.

"நீங்க சொல்லுங்க சார். அக்காவா உங்ககிட்ட சொன்னாங்க?"

இல்லை என்று ஒரு சொல் போதும். எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். நான் தலையை ஆட்டினேன். ஆமாம் என்று ஆட்டினேன்.

அக்கா மாலதியின் தோளில் மடிப்பைச் சரிசெய்யக் கையை நீட்டினார்.

"தொடாதீங்க. நானே கட்டிக்கறேன்."

அன்று நாடகம் நடந்தது. சரியாக ஆறு முப்பத்தைந்துக்குத் தொடங்கியது, ஐந்து நிமிடத் தாமதம் என்று டைரியில் எழுதியிருக்கிறேன். வேறு எதுவும் எழுதவில்லை. மாலதி ஒரு வசனம்கூடத் தவறவிடவில்லை. அதற்குப் பிறகு அவர் மேடை ஏறவும் இல்லை.

அடுத்த நாடகத்துக்கு அளவு கொடுக்கப் பெண்கள் யாரும் படி திருப்பத்து அறைக்குப் போகவில்லை. ஆளுக்கொரு சாக்குச் சொல்லி, தெருத் தையல்காரரிடம் தைத்துக்கொண்டு வந்தார்கள். "இங்க போனா நாளைக்குப் புத்தகத்துல வரும்" என்று ஒருத்தி சொன்னது என் காதில் விழுந்தது. டைரக்டர் அக்காவைக் கூப்பிட்டு, கொஞ்ச நாள் ஓய்வெடுக்கச் சொன்னார். நானும் அந்த அறையில் இருந்தேன்; கூட்டக் குறிப்பு எழுதுகிறவன் நான். அக்கா சரிங்க என்று சொல்லிவிட்டுச் சாவியை மேசையில் வைத்தார். போவதற்கு முன், நாடாக்களை எல்லாம் உரியவர்களிடம் ஒவ்வொன்றாகக் கொடுத்தார். "உங்களுது உங்ககிட்டயே இருக்கட்டுங்க" என்றார். என்னுடையதையும் அதே சொற்களோடுதான் கொடுத்தார். மாலதியினுடையதை என்ன செய்தார் என்று தெரியாது.

இருபத்திரண்டு வருட வேலை அப்படி முடிந்தது. நஞ்சன்கூட்டில் தங்கை வீட்டோடு இருந்துகொண்டு பள்ளிச் சீருடை தைக்கிறார் என்று கேள்விப்பட்டேன். ஏழு மாதம் கழித்து ஒரு புதன்கிழமை போனேன். தாழ்வாரத்தில் தையல் இயந்திரத்துக்கு முன்னால் நீலப் பாவாடைகளின் நடுவே இருந்தார். என்னைக் கண்டதும் இயந்திரத்தை நிறுத்தவில்லை.

"வாங்க டைரி சார். மன்னிப்புக் கேக்க வந்தீங்களா, மனசை லேசாக்கிக்க வந்தீங்களா?"

ஏன் அப்படிச் சொன்னீர்கள் என்று கேட்டேன். நீங்கள் ஒன்றும் சொல்லவில்லையே, டப்பாவைப் பிரித்தது நான்தானே, மாலதியிடம் போய் உண்மையைச் சொல்லிவிடுகிறேன் என்றேன்.

அவர் அப்போதுதான் காலை மிதியிலிருந்து எடுத்தார்.

"சொல்லி? நாலு நாளு ஒரு ஆம்பளை அதை மேசை மேல பரப்பி வெச்சு, தொட்டு, அமுக்கி, அளந்து பாத்தாருன்னு அவங்களுக்குத் தெரியணுங்களா? ஒரு பொம்பளை வாய் தவறினான்னா கோவத்தோட போயிரும். இது அப்படிப் போகாதுங்க சார். குளிக்கறப்ப எல்லாம் நெனப்பு வரும்."

நான் செருப்பைக் காலில் மாட்டினேன்.

"தண்ணி குடிச்சுட்டுப் போங்க. அவங்ககிட்டப் போகாதீங்க" என்று மறுபடி மிதிக்கத் தொடங்கினார்.

நான் போகவில்லை. அக்காவின் சொல்லைக் காப்பாற்றுகிறேன் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். அந்தச் சொல் எனக்கு எவ்வளவு வசதியாக இருந்தது என்பதை நினைக்காமல் இருக்கப் பழகினேன். குழுவின் வரலாற்றைத் தொடர்ந்து எழுதினேன். என் உழைப்பைப் பாராட்டி ஒருமுறை சால்வை போட்டார்கள். போட்டுக்கொண்டேன்.

பத்து வருடங்கள் போயின. இந்தத் தை மாதம் அக்கா இறந்துபோனார். குழுவின் வாட்ஸப்பில் யாரோ இரண்டு வரி போட்டிருந்தார்கள். கீழே கும்பிடும் கைகள். மாலதி அந்தக் குழுவில் இல்லை. யுகாதி கழிந்த மறுவாரம், யாதவகிரியில் இருக்கும் அவர் வீட்டுக்குப் போனேன். அக்கா போகாதீங்க என்று சொன்னதை மீறித்தான் போனேன். அது சரியா என்று இன்றும் எனக்குத் தெரியாது. அக்காவைப் பற்றி மாலதி இப்படியே நினைத்துக்கொண்டிருக்க விடக் கூடாது என்று பட்டது. சுமக்க என்னால் முடியவில்லை என்பதும் காரணமாக இருக்கலாம்.

எல்லாவற்றையும் சொன்னேன். டப்பா, சாப்பாட்டு மேசை, அடிக்குறிப்பு, தலையாட்டல், நஞ்சன்கூட்டுப் பேச்சு. மாலதி அறுபதைக் கடந்திருந்தார். முடித்ததும் கேட்டார்.

"எத்தனை நாள் உங்க வீட்ல இருந்துச்சு?"

"நாலு நாள்."

"உங்க வீட்டம்மா பாத்தாங்களா?"

"பார்த்தா. எடுத்து வைக்கச் சொன்னா."

மாலதி எழுந்து ஜன்னல் பக்கம் போய் நின்றார். ரொம்ப நேரம் என் பக்கம் திரும்பவில்லை. அக்கா பயந்தது இதற்குத்தான் என்று அந்த முதுகைப் பார்த்தபோது புரிந்தது. சமையலறையில் பாத்திரம் கழுவிய சத்தம் நின்று, மறுபடி தொடங்கியது.

"அப்ப அக்கா ஒண்ணும் சொல்லலை."

"ஒரு வார்த்தைகூடச் சொல்லலை."

"நான் அவங்களை ஒரு தடவை பாத்தேன் சார்" என்றார், ஜன்னலைப் பார்த்தபடியே. "நஞ்சன்கூடு பஸ் ஸ்டாண்டுல. மூணு வருஷம் இருக்கும். எதிர்ப்பக்கம் பையோட நின்னாங்க. என்னைப் பாத்ததும் கையைத் தூக்கினாங்க. நான் முன்னால நின்ன பஸ்ல ஏறி உக்காந்துட்டேன். எந்த ஊர் பஸ்னுகூடப் பாக்கலை. அது சாமராஜநகர் பஸ். அடுத்த ஸ்டாப்புல இறங்கித் திரும்பி நடந்து வந்தேன்."

"பேசலாம்னா?"

"இல்லை. அவங்க போயிட்டாங்களான்னு பாக்க."

அதற்கு மேல் உட்கார எனக்குத் துணிவில்லை. எழுந்தேன். இதை எழுத அனுமதி வேண்டும், பெயர் வராமல் எழுதுகிறேன் என்று சொன்னேன். அப்போதுதான் அவர் திரும்பினார். கண்கள் சிவந்திருந்தன. குரல் மட்டும் மேடையில் கேட்ட அதே குரல்.

"பெயர் வராமத்தானே அன்னிக்கும் எழுதினீங்க? இந்தத் தடவை என் பெயரைப் போட்டே எழுதுங்க. நான் அந்த பஸ்ல ஏறினதையும் சேர்த்து எழுதுங்க. உங்களை மட்டும் கெட்டவராக் காட்டிக்கிட்டு நல்ல பெயர் வாங்கிடாதீங்க."

எழுதிவிட்டேன். அச்சுக்குக் கொடுக்கும் முன் ஒவ்வொரு பக்கத்தையும் அவரிடம் காட்டினேன். ஒரு சொல்லையும் அவர் அடிக்கவில்லை. கடைசிப் பக்கத்தைத் திருப்பிக் கொடுத்துவிட்டு, வாசல் விளக்கைப் போட்டார், நான் படியிறங்குவதற்காக.